தனியாக எடுக்கும் ஆவணப்படம்: எவ்வளவு கிட்டப் போகலாம்?

கைக்கேமரா (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். மறதி நோய் வந்த கணவரைப் பார்த்துக்கொள்ளும் ஒரு வயதான அம்மாவைப் பற்றி முழுநீள ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். குழு கிடையாது. கேமராவும் நானே, ஒலியும் நானே. பேட்டி வேண்டாம், பின்னணிக் குரல் வேண்டாம், இசை வேண்டாம் என்று முதலிலேயே முடிவு செய்துவிட்டேன். நடப்பதை நடக்கிறபடி பார்த்துக்கொண்டிருக்க வேண்டும், அவ்வளவுதான்.

ஆரம்பத்தில் அந்த அம்மா என்னைக் கண்டுகொள்ளாமல் தன் வேலையைப் பார்ப்பார். இப்போது நன்றாகப் பழகிவிட்டார், சிக்கலே அங்கேதான். மாத்திரை எடுத்து வைக்கும்போது நடுவில் திரும்பி, "ராத்திரி பூரா இவர் கண்ணே மூடலப்பா" என்று என்னிடம் சொல்கிறார். பெரியவர் என்னைச் சொந்தக்காரப் பையன் என்று நினைத்து உட்காரச் சொல்கிறார். பதில் பேசாமல் நின்றால் அது மரியாதைக் குறைவு. பேசினால் ஷாட்டில் என் குரல் ஏறிவிடுகிறது. அவதானிப்புப் பாணி என்று சொல்லிக்கொண்டு இப்படிப் பேச்சுக் கொடுத்தால் அந்தப் பாணியே கெட்டுப்போய்விடாதா? இன்னொன்று: அவர் அழும்போது கேமராவை இறக்குவதா, வேண்டாமா? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

நறுக்

பதில் பேசுங்க சார். பாணி எங்கயும் ஓடிப்போகாது.

பழைய ரீல்

நறுக் சொன்னதையே கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். கண்ணுக்குத் தெரியாமல் நின்று எடுப்பதுதான் அவதானிப்பு என்ற எண்ணம் 1960களில் வந்தது. தோளில் தூக்கிக்கொண்டு ஓடக்கூடிய 16 மி.மீ. கேமராவும், அதோடு சேர்ந்து ஓடும் நாக்ரா போன்ற ஒலிப்பதிவுக் கருவியும் கைக்கு வந்த காலம் அது. 1960இல் ராபர்ட் ட்ரூவின் குழு விஸ்கான்சினில் கென்னடியும் ஹம்ஃப்ரியும் மோதிய உட்கட்சித் தேர்தலைப் படமாக்கியது. கென்னடி கூட்டத்தைப் பிளந்துகொண்டு மேடைக்குப் போவார். குழுவின் ஒளிப்பதிவாளர்களில் ஒருவரான ஆல்பர்ட் மேசில்ஸ் கேமராவைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்தபடி பின்னாலேயே போவார். இன்று எவர் வேண்டுமானாலும் கைபேசியில் எடுத்துவிடுவார். அன்றைக்குப் பார்த்தவர்களுக்கு அந்த ஒரு ஷாட்டே போதுமாயிருந்தது.

கேள்வி கேட்காதே, திரும்பச் செய்யச் சொல்லாதே, விளக்குப் போடாதே என்கிற விதிகளெல்லாம் அந்தக் குழுவிலிருந்து வந்தவைதான். ஒன்றைக் கவனியுங்கள். அவர்கள் எடுத்தது அரசியல்வாதிகளையும் பாடகர்களையும். நாள் முழுக்க நூறு பேர் பார்வையில் வாழ்கிறவனுக்குக் கேமரா நூற்றியோராவது ஆள், கண்டுகொள்ள மாட்டான். மூன்று பேர் மட்டும் இருக்கும் ஒரு வீட்டில் நீங்கள் எப்படிக் காணாமல் போக முடியும்?

அதே சமயத்தில் பாரிஸில் ழான் ரூஷும் எட்கர் மொரேனும் நேர் எதிராகப் போனார்கள். 1961இல் வந்த அவர்கள் படத்தில் இயக்குநர்களே கேமரா முன் உட்கார்ந்து பேசுகிறார்கள், கேள்வி கேட்கிறார்கள், தூண்டிவிடுகிறார்கள். கடைசியில் எடுத்ததைப் பங்கேற்றவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் அடித்துக்கொள்வதையும் படத்தில் சேர்த்துவிட்டார்கள். ஒருவர் பொய்யாக இருக்கிறது என்கிறார், இன்னொருவர் இவ்வளவு அம்மணமாகவா காட்டுவது என்கிறார். எனக்கு என்றைக்கும் ரூஷ் பக்கம்தான் சாய்வு, மறைக்கவில்லை.

அந்த ஆல்பர்ட்டும் அவர் தம்பி டேவிட்டுமே, அதாவது மேசில்ஸ் சகோதரர்களே, பிறகு மாறிவிட்டார்கள். 1975இல், பாழடைந்த பெரிய வீட்டில் வாழும் தாயையும் மகளையும் பற்றி எடுத்த படத்தில் அந்த இருவரும் கேமராவுக்குப் பின்னால் நிற்பவர்களிடம் நேராகவே பேசுகிறார்கள், வம்பிழுக்கிறார்கள், ஆடிக் காட்டுகிறார்கள். சகோதரர்கள் படத்தில் தலைகாட்டவும் செய்கிறார்கள். அதையெல்லாம் வெட்டியெறிந்திருந்தால் அந்தப் படமே இல்லை. உங்கள் அம்மா திரும்பிப் பேசுவது கிடைக்காத வரம். நீங்கள் ஏன் அதைப் பழுது என்று நினைக்கிறீர்கள்?

ஒலிக்காரன்

எல்லாரும் கேமராவையே பேசுறீங்க. நெருக்கம் வர்றது காது வழியா.

தனியா எடுக்கிறவங்க காலைல காலர் மைக்கை மாட்டிவிட்டு ராத்திரிதான் கழட்டுவாங்க. கேமரா எதிர்ல இருக்கும்போது அந்த அம்மாவுக்கு நீங்க அங்க இருக்கீங்கன்னு தெரியும். அடுத்த ரூமுக்குப் போனதும் நீங்க இல்லன்னு நினைச்சுக்குவாங்க. ஆனா உங்க ஹெட்ஃபோன்ல எல்லாம் கேட்கும். கணவர்கிட்ட கத்துறது, தனக்குத்தானே புலம்புறது, போன்ல மகள்கிட்ட உங்களப் பத்தியே பேசுறது, பாத்ரூம் கதவு சாத்துறது வரைக்கும். அது அவங்க உங்களுக்குக் கொடுத்தது இல்ல. மைக் மாட்டியிருக்கிறது மறந்துபோனதால உங்க கைக்கு வந்தது.

நான் வேலை பார்த்த படங்கள்ல ஒண்ணு செய்வேன். மைக்கை மாட்டுறதுக்கு முன்னாடி டிரான்ஸ்மிட்டர்ல ஆஃப் சுவிட்ச் எங்க இருக்குன்னு காட்டி, ரெண்டு தடவை அவங்களையே போட்டு அணைக்கச் சொல்வேன். இயக்குநர்களுக்கு இது பிடிக்காது. "நல்லது வரும்போது அணைச்சிடுவாங்களே"ம்பாங்க. அணைக்கட்டுமே. அணைக்கத் தெரிஞ்சவங்க அணைக்காம விட்டதுதான் படத்துல இருக்கணும்.

பேச்சைப் பத்தி: பதில் சொல்லுங்க, ஆனா அவங்க முடிச்ச பிறகு ஒரு மூச்சு விட்டுட்டுச் சொல்லுங்க. குரல் மேல குரல் விழுந்தா எடிட்டுல ரெண்டையும் பிரிக்க முடியாது. "ம்", "ஆமா", "அடடா"ன்னு சும்மா ஒலி எழுப்பாதீங்க, தலையை ஆட்டினா போதும்.

அகல லென்ஸ்

ஒலிக்காரன் அண்ணன் சொன்னதை அப்படியே ஒத்துக்கிறேன். கேமரா பக்கத்திலிருந்து என் பங்கு.

கைக்கேமரா, எந்த லென்ஸில் எடுக்கிறீர்கள் என்று சொல்லவில்லை. தூரத்தில் நின்று ஜூம் போட்டு முகத்தை இழுப்பதும், 28 அல்லது 35 மி.மீ. லென்ஸோடு கைக்கெட்டும் தூரத்தில் உட்கார்ந்து எடுப்பதும் திரையில் ஒரே அளவு முகத்தைத் தரலாம். ஆனால் இரண்டும் ஒன்றல்ல. ஜூமில் எடுத்த முகம் திருடிய முகம்போலவே இருக்கும், பின்னணி தட்டையாகி ஆள் தனியே மிதப்பார். கிட்ட உட்கார்ந்து எடுத்தால் அவருடைய அறை கூடவே வரும், உங்கள் மூச்சுக்கு ஏற்ப ஃபிரேம் லேசாக அசையும். நான் அங்கே இருந்தேன், இருந்தது அவருக்கும் தெரியும் என்பதை அந்த ஷாட்டே சொல்லிவிடும். வேண்டாம் என்றால் அவர் கையை நீட்டி லென்ஸை மறைக்கக்கூடிய தூரம் அது. நான் வைத்துக்கொண்டிருக்கும் அளவுகோல் அதுதான்.

அடுத்தது கேமராவை எங்கே வைத்துப் பிடிப்பது. கண்ணில் ஒட்டினால் உங்கள் முகம் முழுக்க மறைந்து கறுப்புப் பெட்டிதான் அவருக்குத் தெரியும். திரையை மடக்கி நிமிர்த்தி, மார்பளவிலோ மடியிலோ வைத்துப் பிடியுங்கள். அவர் உங்கள் கண்ணைப் பார்த்துப் பேசுவார். பார்வை லென்ஸுக்குச் சற்று மேலே போகும், பரவாயில்லை. வயதானவர்கள் தரையிலோ கட்டிலிலோ இருந்தால் நீங்களும் அந்த உயரத்துக்கு இறங்குங்கள். நின்றுகொண்டு கீழ்நோக்கி எடுத்தால் நோயாளியை மருத்துவர் பார்க்கிற கோணம் வந்துவிடும்.

அழும்போது என்ன செய்வது என்று கேட்டீர்கள். ஒரே விதி சொல்ல என்னால் முடியாது. சில சமயம் கேமராவை இறக்குவதுதான் காயப்படுத்தும். "இவ்வளவு நேரம் பார்த்தவன் என் அழுகையை மட்டும் பார்க்கக் கூசுகிறானே" என்று தோன்றும். ஆனால் அழுகிற முகத்தை நோக்கி நெருங்கிப் போவதை மட்டும் நான் செய்வதில்லை. ஏற்கெனவே இருந்த இடத்திலேயே இருப்பேன். அழுகை வந்ததும் கிட்டப் போகும் கேமரா எதற்காகக் காத்துக்கொண்டிருந்தது என்று பார்க்கிறவருக்குப் புரிந்துவிடும்.

எதிர்க்குரல்

லென்ஸ், மைக் எல்லாம் இருக்கட்டும். ஒரு கேள்வியை எல்லாரும் சுற்றிவளைத்துத் தாண்டிப் போகிறீர்கள். அந்தப் பெரியவர் சம்மதித்தாரா? கைக்கேமராவை அவர் உறவுக்காரப் பையன் என்று நம்புகிறார். படம் எடுக்கிறார்கள் என்பதே தெரியாத ஒருவருடைய தள்ளாமையைத்தான் நீங்கள் எல்லாரும் 'நெருக்கம்' என்கிறீர்கள். கையெழுத்துப் போடுகிற நிலையில் இல்லாதவரை நெருங்குவது ரொம்பச் சுலபம்.

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் வைஸ்மனின் முதல் படம் ஞாபகம் இருக்கிறதா? 1967. பிரிட்ஜ்வாட்டரில் மனநலம் குன்றிய கைதிகளை அடைத்து வைத்திருந்த சிறை மருத்துவமனை. காவலர்கள் நிர்வாணமாக நிறுத்தி வைத்திருக்கும் மனிதர்களை அப்படியே எடுத்தார். அந்தரங்கத்தை மீறுகிறது என்று மாசசூசெட்ஸ் மாநில அரசு வழக்குப் போட்டது. 1991 வரை பொதுமக்கள் அந்தப் படத்தைப் பார்க்க முடியவில்லை.

பழைய ரீல்

எதிர்க்குரல், அந்த உதாரணம் உங்களுக்கு எதிராகவும் திரும்பும். கைதிகளின் மானத்தைக் காப்பாற்றவா அரசு ஓடிவந்தது? அவர்களை அப்படி நடத்தியதே அதே அரசுதானே. படம் வெளியானால் யாருக்கு அவமானம்? அந்தரங்கம் என்ற சொல்லைக் கேடயமாகப் பிடித்துக்கொண்டது நிர்வாகம். மருத்துவர்கள், வழக்கறிஞர்கள், சமூகப் பணியாளர்கள், அந்தத் துறை மாணவர்கள் மட்டும் பார்க்கலாம் என்று 1969இல் நீதிமன்றம் சொன்னது. அதுவே எவ்வளவு விசித்திரமான தீர்ப்பு!

எதிர்க்குரல்

அரசின் உள்நோக்கம் எனக்கும் தெரியும். இரண்டுமே உண்மையாக இருக்கலாம். அரசு ஒளித்தது என்பதால், திரையில் நிர்வாணமாக நின்ற மனிதரிடம் யாரோ கேட்டார்கள் என்று ஆகிவிடாது. வைஸ்மன் ஓர் அமைப்பைத் தோலுரித்தார். அந்த நியாயம் அவருக்கு இருந்தது. ஒரு வீட்டுக்குள் நடக்கும் நோயைக் காட்ட அதே நியாயம் போதாது என்பதுதான் என் கட்சி.

கைக்கேமரா

கேள்வி சரியானதுதான். பெரியவரின் மருத்துவ முடிவுகளை மகள்தான் எடுக்கிறார், அவரிடமும் அந்த அம்மாவிடமும் எழுத்தில் ஒப்புதல் வாங்கியிருக்கிறேன். பெரியவரிடம் ஒவ்வொரு முறை போகும்போதும் கேமராவைக் கையில் கொடுத்துக் காட்டி, எடுக்கலாமா என்று கேட்கிறேன். சில நாள் சரி என்பார், சில நாள் முகத்தைத் திருப்பிக்கொள்வார். திருப்பிக்கொண்டால் அன்றைக்கு அம்மாவை மட்டும் எடுப்பேன், அல்லது பையைத் திறக்கவே மாட்டேன்.

எதிர்க்குரல்

அப்படியானால் அவர் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் ஷாட் ஒன்றாவது படத்தில் இருக்கட்டும். அது இல்லாமல் எடுக்கச் சம்மதித்த நாட்களை மட்டும் கோத்தால், எப்போதும் சம்மதித்தவர் மாதிரி ஆகிவிடும்.

வெட்டுமேசை

இந்தக் கடைசி வரிக்காகவே உள்ளே வந்தேன். எடிட்டராக எனக்கு அவதானிப்பு என்கிற சொல்லின் மேலேயே சந்தேகம் உண்டு. பார்த்துக்கொண்டிருப்பது படப்பிடிப்பில்தான் நடக்கிறது. எடிட் மேசையில் நடப்பது முழுக்க முழுக்கத் தேர்வு. சிகாகோ நகரத்து ஏழைக் குடும்பப் பையன்கள் இருவர் கூடைப்பந்தை நம்பி வாழும் படம், 1994இல் வந்தது, ஏறத்தாழ 250 மணிநேரம் எடுத்து மூன்று மணிநேரத்துக்குள் அடக்கினார்கள். மாசிடோனியாவில் தேன் எடுக்கும் பெண்ணைப் பற்றிய 2019 படத்துக்கு 400 மணிநேரம், முடிந்த படம் ஒன்றரை மணிநேரம். வைஸ்மன் சில வாரங்களில் எடுத்துவிட்டுப் பல மாதங்கள் மேசையில் கிடந்தார். வெளியே போனது எவ்வளவு என்று கணக்குப் போட்டுப் பாருங்கள்.

அந்தத் தேன் படத்தில் ஒரு சுவாரசியம். அந்தப் பெண் பேசுவது பழைய துருக்கிப் பேச்சுவழக்கு, எடுத்தவர்களுக்குப் புரியாது. அதனால் முதல் வெட்டை வசனத்தை நம்பாமல் உடல், முகம், வேலை இவற்றை மட்டும் வைத்துக் கோத்தார்கள், மொழிபெயர்ப்பு பிறகுதான் சேர்ந்தது. கைக்கேமரா, நீங்கள் மொழி தெரிந்தே எடுக்கிறீர்கள். இருந்தாலும் ஒரு முறை ஒலியை அணைத்துவிட்டு எல்லா ரஷஸையும் (எடுத்து இன்னும் வெட்டாத காட்சிகளை) பாருங்கள். அந்த அம்மா சொல்வதற்கும் கை செய்வதற்கும் இடையில் இடைவெளி தெரியும். "எனக்கு இதெல்லாம் பழகிப்போச்சு" என்று வாய் சொல்லும்போது கை என்ன செய்கிறது என்று பாருங்கள்.

இனி என் புலம்பல். அவதானிப்புப் படம் என்கிற பெயரில் நடக்கிற பெரிய புரட்டு ரியாக்‌ஷன் ஷாட். பெரியவர் ஏதோ சொல்கிறார், கட், அம்மா முகம் வாடுகிறது. இரண்டும் வேறு வேறு வாரத்தில் எடுத்தது. பார்க்கிறவர் அவர் சொன்னதால்தான் வாடினார் என்று நம்புவார். ஒரே கேமரா வைத்து எடுக்கும்போது இந்தச் சபலம் எல்லாருக்கும் வரும். எனக்குக் கட்டளை போட்ட இயக்குநர்கள் எத்தனையோ பேர். நேரத்தைச் சுருக்கலாம், வரிசையை மாற்றலாம், அதெல்லாம் சினிமா. ஒருவர் மனதுக்குள் நடக்காத காரணத்தை நடந்ததாக ஒட்டுவது வேறு. அதனால்தான் நீங்கள் எடுக்கும்போதே ஷாட்டை நீளமாக ஓடவிடுங்கள், ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்குக் கேமராவைத் திருப்புங்கள். ஃபிலிம் காலத்தில் 16 மி.மீ.யில் 400 அடிச் சுருள் பதினோரு நிமிடத்தில் தீர்ந்துவிடும். உங்களுக்கு அந்தக் கவலை இல்லை.

நறுக்

கவலை இல்லாததுதான் கவலை. எல்லாரும் ரெக்கார்டை அமுக்கிட்டு யோசிக்கிறத நிறுத்திட்டாங்க.

வெட்டுமேசை

அதுவும் உண்மை. சீனாவில் வாங் பிங் சின்ன டிஜிட்டல் வீடியோ கேமராவோடு தனியாகப் போய் மூடப்படும் தொழிற்சாலைகளை எடுத்து ஒன்பது மணிநேரத்துக்கும் மேலான படமாக வைத்தார். அந்த நீளம் சோம்பலால் வந்ததில்லை. ஆனால் அவரைக் காட்டிக்கொண்டு வருகிற முக்கால்வாசி நீளப் படங்கள் சோம்பல்தான்.

அகல லென்ஸ்

குறுக்கே வருகிறேன். நடுவில் நிற்பவருக்குப் பாணி எப்படித் தானாக உடைகிறது என்பதற்கு ஒரு காட்சி. கிம் லாஞ்சினாட்டோவும் ஸிபா மிர்-ஹொசைனியும் 1998இல் டெஹ்ரான் குடும்ப நீதிமன்றத்தில் எடுத்த படம். கேமரா ஒதுங்கி நின்று பார்க்கிற பாணிதான். ஒரு பெண் நீதிமன்றத் தாளைக் கிழித்துவிட்டு, கிழிக்கவில்லை என்கிறார். நீதிமன்ற ஊழியர் நேராகப் படக்குழுவைத் திரும்பிப் பார்த்து, நீங்கள் பார்த்தீர்களே, கிழித்தாரா என்று கேட்கிறார். குழு உண்மையைச் சொல்லிவிடுகிறது. அதுவரை அந்தப் பெண்ணின் பக்கம் நின்ற கேமரா அவருக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. அந்தக் காட்சியை வெட்டாமல் வைத்தார்கள் என்பதால்தான் மற்ற காட்சிகளையும் நான் நம்புகிறேன்.

தரைப்பாய்

இவ்வளவு நேரம் படித்துக்கொண்டுதான் இருந்தேன். பணத்தைப் பற்றி யாரும் பேசவில்லையே? ஒருவர் வாழ்க்கையை வருடக்கணக்கில் எடுத்து விருது வாங்குகிறோம். அவருக்கு என்ன?

பழைய ரீல்

எடுக்கும்போது பணம் கொடுத்தால் நடிக்கத் தொடங்கிவிடுவார்கள் என்பது பழைய வாதம். எடுத்து முடித்த பிறகு? வெட்டுமேசை சொன்ன கூடைப்பந்துப் படத்தின் வருமானத்தில் அந்தக் குடும்பங்களுக்குப் பங்கு போனது. தேன் படத்துக்காரர்கள் விருதுப் பணத்தில் அந்தப் பெண்ணுக்கு வீடு வாங்கிக் கொடுத்தார்கள். எதிர்ப்பக்க உதாரணமும் உண்டு: பிரான்ஸில் நிக்கோலா ஃபிலிபெர் 2002இல் ஓராசிரியர் கிராமப் பள்ளியைப் பற்றி எடுத்த படம் யாரும் எதிர்பாராத அளவுக்கு ஓடியது. பிறகு அந்த ஆசிரியரே பங்கு கேட்டு வழக்குப் போட்டார், தோற்றார். ஆவணப்படத்தில் வருகிறவர் தன் வேலையைத்தான் செய்தார், நடிக்கவில்லை என்பது நீதிமன்றத்தின் போக்கு. சட்டப்படி சரியாக இருக்கலாம். எனக்கு இன்னமும் உறுத்துகிறது.

தரைப்பாய்

எனக்கு உறுத்தல் பங்கில் இல்லை, படத்தைப் பார்க்கும் வரிசையில். வெளியூர் விழாக்காரர்கள், நிதி கொடுத்தவர்கள், விமர்சகர்கள் எல்லாரும் பார்த்த பிறகு கடைசியில்தான் படத்தில் இருப்பவருக்கு லிங்க் போகிறது. 2021இல் வந்த, பெண் பத்திரிகையாளர்கள் பற்றிய இந்தியப் படம் ஆஸ்கர் பட்டியல் வரை போனது. விழாவுக்குச் சில நாள் முன்னால் அந்தப் பெண்கள் வேலை பார்க்கும் கபர் லஹரியா பத்திரிகையே அறிக்கை விட்டது, எங்கள் வேலையின் ஒரு பகுதியை வைத்து எங்களை வேறு மாதிரி காட்டியிருக்கிறார்கள் என்று. அவர்கள் சொன்னது சரியா, இயக்குநர்கள் சொன்னது சரியா என்று நான் தீர்ப்புச் சொல்லவில்லை. அந்தப் பேச்சு எடிட் அறையில் நடந்திருக்க வேண்டியது.

கைக்கேமரா

இதைத்தான் அடுத்துக் கேட்க இருந்தேன். ரஃப் கட்டை, அதாவது முதல் கட்ட எடிட்டை, அம்மாவுக்குக் காட்டலாமா? காட்டி, அவர் பாதியை வெட்டச் சொன்னால்?

வெட்டுமேசை

காட்டுங்கள். ஆனால் அதிகாரம் எவ்வளவு கொடுக்கிறீர்கள் என்பதை முன்பே சொல்லிவிடுங்கள். என் யோசனை: பொய்யாகத் தெரிவதையும் வாழ்க்கைக்கு ஆபத்தாகத் தெரிவதையும் எடுக்க அவருக்கு உரிமை. தன் முகம் அழகாக இல்லை என்பதற்காக எடுக்கச் சொன்னால் பேசிப் பார்க்கலாம். எடிட் முடிந்து படம் லாக் ஆன பிறகு காட்டி, "இனி மாத்த முடியாதும்மா" என்பது அவமதிப்பு. முக்கியமாக முதல் தடவை மகளோ வேறு யாரோ இல்லாமல் அவர் மட்டும் பார்க்கட்டும். கூட்டத்தில் பார்த்தால் மற்றவர் முகத்தைப் பார்த்துத்தான் சிரிப்பார்.

பழைய ரீல்

அந்தக் காட்சியையும் எடுத்துவிடுங்கள். ரூஷ் செய்தது மாதிரி.

அகல லென்ஸ்

வேண்டவே வேண்டாம். ரூஷின் ஆட்கள் விவாதத்துக்கு வந்தவர்கள். இந்த அம்மா தன் வீட்டில் தன்னைத் தானே முதல் தடவை பார்க்கப் போகிறார். ஒரே ஒரு சமயமாவது கேமரா அவரைப் பார்க்காமல் இருக்கட்டும்.

பழைய ரீல்

ஒப்புக்கொள்ள மனமில்லை. ஆனாலும் விடுகிறேன்.

எதிர்க்குரல்

பெரியவருக்கும் காட்டுங்கள். புரியாது என்று நீங்களே முடிவு செய்துவிடாதீர்கள்.

கைக்கேமரா

இருவருக்கும் காட்டப்போகிறேன், முதலில் அம்மாவுக்கு. கேமரா கொண்டுபோகவில்லை. 50 மி.மீ.யை ஓரமாக வைத்துவிட்டு 28இல் எடுக்கத் தொடங்கியிருக்கிறேன், அகல லென்ஸுக்கு நன்றி. அம்மா இப்போது மைக்கைத் தானே அணைக்கிறார், நேற்று மகளோடு போனில் பேசி முடிக்கும்வரை திரும்பப் போடவே இல்லை. ஒலிக்காரன் அண்ணே, காட்டப்போகும்போது ரெக்கார்டராவது எடுத்துட்டுப் போன்னு மட்டும் சொல்லிடாதீங்க.

ஒலிக்காரன்

சொல்லத்தான் வந்தேன். படம் பார்க்கிறப்ப வேண்டாம், எல்லாம் முடிஞ்சு கிளம்புறதுக்கு முன்னாடி அந்த ரூமோட சத்தத்தை மட்டும் எடுத்துக்கங்க. ஃபிரிட்ஜ் ஓடுறப்ப ஒரு நிமிஷம், அணைச்சிட்டு ஒரு நிமிஷம். நீளமான ஷாட் வெச்சு வெட்டுறவங்களுக்கு ரெண்டும் வேணும். அணைக்கிறதுக்கு முன்னாடி வண்டிச் சாவியை ஃபிரிட்ஜுக்குள்ள வெச்சிடுங்க. இல்லன்னா திரும்பப் போட மறந்துட்டு வந்திடுவீங்க, அந்த அம்மா இன்சுலின் உள்ள வெச்சிருந்தாலும் வெச்சிருப்பாங்க.